மனம்விட்டுப் பேச ஓர் ஆள்

வேலூரிலிருந்து திருவண்ணாமலை போகும் வழியில் இருக்கிறது கணியம்பாடி. அந்த ஒன்றியத்துக் கிராமங்களில் வேலூர் கிறித்துவ மருத்துவக் கல்லூரி பல பத்தாண்டுகளாகப் பணி செய்து வருகிறது. அங்கே 65 வயதைத் தாண்டிய ஆயிரம் பேரின் மனநிலையை அக்கல்லூரி ஆய்வாளர்கள் ஆராய்ந்தார்கள். 2009-இல் வெளியான அந்த ஆய்வின்படி, நூற்றுக்கு 12.7 பேருக்கு மனச்சோர்வு இருந்தது. அன்றாட வருத்தமோ சலிப்போ அல்ல; மருத்துவம் நோய் என்று வகுத்திருக்கும் அளவுக்கான மனச்சோர்வு. எட்டுப் பேரில் ஒருவருக்கு.

அந்த எண்ணைவிட அதற்கு அடுத்து வரும் விவரம்தான் முக்கியம் என்று எனக்குத் தோன்றுகிறது. யாருக்கு இந்த நோய் அதிகம் காணப்பட்டது? பசியோடு படுக்கிறவர்களுக்கு. வருமானம் குறைந்தவர்களுக்கு. சர்க்கரை நோயும் இதய நோயும் உள்ளவர்களுக்கு. என்றோ தலையில் பலமாக அடிபட்டவர்களுக்கு. கைகால் சற்று நேரம் இழுத்துப் பிறகு சரியாகிவிடும் சிறு பக்கவாதம் வந்துபோனவர்களுக்கு. வயது ஏற ஏற நோயும் ஏறியதா என்று பார்த்தார்கள். அப்படி ஒரு தொடர்பு தென்படவில்லை. பெண்களுக்கு அதிகம் என்றும் சொல்ல முடியவில்லை. நடமாட முடியாமை, மறதி ஆகியவற்றோடும் உறுதியான தொடர்பு கிடைக்கவில்லை.

இந்த நோய் வராமல் காத்ததாகத் தெளிவாகத் தெரிந்தது ஒன்றுதான். மனத்தில் இருப்பதை ஒளிக்காமல் சொல்லிக்கொள்ள ஆட்கள் இருப்பது. அப்படிப்பட்டவர்கள் அதிகம் இருந்த முதியவர்களிடம் மனச்சோர்வு வெகுவாகக் குறைந்திருந்தது.

முகம் வாடிய பெரியவரைப் பார்த்ததும் "வயசானா அப்படித்தான்" என்று நாம் சொல்கிறோம். வீட்டில் சொல்கிறோம், மருத்துவமனையில் சொல்கிறார்கள், பெரியவர்களே தங்களைப் பற்றி அப்படித்தான் சொல்லிக்கொள்கிறார்கள். கணியம்பாடி சொல்வது வேறு. பசி காரணமாக இருக்கலாம், சர்க்கரை காரணமாக இருக்கலாம், பேச ஆள் இல்லாதது காரணமாக இருக்கலாம். இவை எல்லாவற்றுக்கும் ஏதாவது செய்ய முடியும். வயதுக்குத்தான் எதுவும் செய்ய முடியாது. செய்ய முடியாத ஒன்றின் மேல் பழியைப் போட்டுவிட்டு, செய்யக்கூடியதைச் செய்யாமல் இருக்கிறோம்.

முதிய மனத்தின் இயல்புதான் என்ன? அமெரிக்காவின் ஸ்டான்ஃபோர்டு பல்கலைக்கழக உளவியலாளர் லாரா கார்ஸ்டென்சன் வாழ்நாளெல்லாம் இந்தக் கேள்வியோடு இருப்பவர். 18 முதல் 94 வயது வரையிலான 184 பேரிடம் அவரும் அவருடைய குழுவினரும் ஆளுக்கொரு பேஜரைக் கொடுத்தார்கள். ஒரு வாரம், நாளுக்கு ஐந்து முறை, எதிர்பாராத நேரத்தில் அது ஒலிக்கும். ஒலித்ததும் அந்தக் கணத்தில் தன் மனம் எப்படி இருக்கிறது என்று குறித்துவைக்க வேண்டும். 2000-ஆம் ஆண்டில் வெளியான முடிவு பலரையும் வியக்க வைத்தது. கோபம், கவலை, எரிச்சல் போன்றவை எழும் தடவைகள் இளமையிலிருந்து ஏறத்தாழ அறுபது வயது வரை குறைந்துகொண்டே வந்தன. அதற்குப் பிறகும் பெரிதாக ஏறிவிடவில்லை. மகிழ்ச்சியான கணங்களோ வயதால் குறையவில்லை. உடல் தளர்கிறது, உறவுகள் மறைகின்றன. ஆனாலும் நலமாக இருக்கும் முதியவரின் மனம் இருபது வயது மனத்தைவிட அமைதியாக இருக்கிறது.

இதற்குக் கார்ஸ்டென்சன் தரும் விளக்கம் எளிமையானது, ஆழமானது. எதிரே நிறையக் காலம் இருக்கிறது என்று நினைக்கும் மனம் புதிய ஆட்களை, புதிய இடங்களை, புதிய அறிவைத் தேடி ஓடும். மிச்சம் இருக்கும் காலம் கொஞ்சம்தான் என்று உணரும் மனம் தனக்கு நெருக்கமானவற்றை மட்டும் வைத்துக்கொண்டு மற்றதை விட்டுவிடும். இதைச் சோதித்துப் பார்த்தார்கள். "உங்களுக்கு அரைமணி நேரம் ஓய்வு கிடைக்கிறது, நெருங்கிய உறவினர், புதிதாக அறிமுகமானவர், நீங்கள் படித்த ஒரு புத்தகத்தின் ஆசிரியர் – யாரோடு கழிப்பீர்கள்?" என்று கேட்டார்கள். முதியவர்கள் பெரும்பாலும் உறவினரைத் தேர்ந்தார்கள். "புதிய மருத்துவத்தால் உங்களுக்கு இன்னும் இருபது ஆண்டு கூடுதலாகக் கிடைக்கும் என்று வைத்துக்கொள்ளுங்கள்" என்று சொல்லிவிட்டு அதே கேள்வியைக் கேட்டபோது, உறவினர்மீது இருந்த அந்தச் சாய்வு மறைந்து, அவர்கள் இளைஞர்களைப் போலத் தேர்ந்தார்கள். 1997-இல் ஹாங்காங் சீனாவோடு இணையவிருந்த நேரத்தில் அங்கும் இதே கேள்வி கேட்கப்பட்டது. ஒரு காலம் முடியப்போகிறது என்ற உணர்வு ஊரெங்கும் இருந்த அந்த நாட்களில், இளைஞர்களும் முதியவர்களைப் போலவே நெருங்கியவர்களை நாடினார்கள். ஆக, இங்கே வேலை செய்வது பிறந்த ஆண்டு அல்ல. எஞ்சியிருப்பதாக மனம் உணரும் காலம்.

இந்த ஆய்வையும் கணியம்பாடி ஆய்வையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் ஓர் உண்மை துலங்குகிறது. முதிய மனம் தன் உலகத்தைத் தானே சுருக்கிக்கொள்கிறது. அந்தச் சுருக்கம் நோயல்ல, அதனால்தான் அமைதியே கிடைக்கிறது. ஆனால் நாற்பது பேரோடு பழகியவர் நான்கு பேரில் தன் மனத்தை முழுதும் வைத்திருக்கும்போது, அந்த நால்வரில் ஒருவர் இறந்துவிட்டால், ஒருவர் துபாய்க்கோ கனடாவுக்கோ போய்விட்டால், ஒருவருக்குக் காது கேட்காமல் போய்விட்டால், இழப்பு இளமையில் போல ஒரு பங்காக இருப்பதில்லை. வாழ்வின் பெரும்பகுதியே போய்விடுகிறது. முதுமையின் பலம் எதுவோ அதிலேயே அதன் ஆபத்தும் இருக்கிறது.

நோய் வந்தபிறகும் அது கண்ணுக்குத் தெரிவதில்லை. இந்திய அளவில் 2017-18-இல் 72,000-க்கும் மேற்பட்டோரிடம் நடந்த லாசி என்னும் முதுமைக் கணக்கெடுப்பு, 60 வயதைத் தாண்டியவர்களில் நூற்றுக்கு 8.3 பேருக்கு மனச்சோர்வு நோய் இருக்கக்கூடும் என்று கண்டது. மருத்துவர் தனக்கு இந்த நோய் இருப்பதாகச் சொல்லியிருக்கிறார் என்று சொன்னவர்கள் நூற்றுக்கு ஒருவர்கூட இல்லை, 0.8 பேர்தான். பத்துப் பேரில் ஒன்பது பேரின் நோய்க்குப் பெயரே சூட்டப்படவில்லை.

காரணம், முதியவர் யாரும் "எனக்கு மனச்சோர்வு" என்று சொல்லிக்கொண்டு வருவதில்லை. "நெஞ்சு படபடன்னு வருது", "கைகாலெல்லாம் எரியுது", "தலை கனமா இருக்கு", "சோறு இறங்கல" என்றுதான் வருகிறார்கள். ஓ.பி. சீட்டில் வலி மாத்திரையும் சத்து மாத்திரையும் எழுதப்படுகின்றன. இவர்கள் பொய் சொல்லவில்லை. மனச்சோர்வில் உடல் உண்மையாகவே வலிக்கிறது. வலியையும் மனநிலையையும் கையாளும் மூளைப் பகுதிகள் பெருமளவு ஒன்றோடொன்று பின்னியவை. தவிர, "மனசு சரியில்ல" என்று சொன்னால் வீட்டார் வருந்துவார்கள், ஊரார் வேறு பேர் வைப்பார்கள் என்ற அச்சம் ஒரு தலைமுறைக்கே இருக்கிறது. முழங்கால் வலியைச் சொல்வதில் யாருக்கும் வெட்கமில்லை.

இந்தச் சிக்கலை முன்பே உணர்ந்தவர் அமெரிக்க மனநல மருத்துவர் ஜெரோம் யெசவேஜ். முதியவர்களின் மனச்சோர்வை அளக்க அவரும் சகாக்களும் 1980-களின் தொடக்கத்தில் 30 கேள்விகள் கொண்ட ஒரு படிவத்தை வகுத்தார்கள். பொதுவான மனச்சோர்வுப் படிவங்களில் தூக்கம், பசி, களைப்பு பற்றி நிறையக் கேட்பார்கள். முதுமையில் இவை வேறு நோய்களாலும் மாறும் என்பதால், யெசவேஜ் அவற்றை வேண்டுமென்றே நீக்கினார். பதிலும் ஆம் அல்லது இல்லை, அவ்வளவுதான். வழக்கமாகச் செய்துவந்த வேலைகளை விட்டுவிட்டீர்களா, வாழ்க்கை வெறுமையாகத் தெரிகிறதா, உங்களைவிட மற்றவர்கள் நன்றாக இருப்பதாகத் தோன்றுகிறதா என்ற போக்கில் அமைந்தவை அந்தக் கேள்விகள். 15 கேள்விகளாகச் சுருக்கப்பட்ட வடிவம் இன்று உலகெங்கும் புழங்குகிறது. ஆற அமரக் கேட்டால் பத்து நிமிடம் போதும்.

மனச்சோர்வு மறதியோடு சேர்ந்து வரும்போது குழப்பம் இன்னும் கூடுகிறது. மனச்சோர்வு கண்ட முதியவர் பெயர்களை மறப்பார், அடுப்பில் பாலை மறப்பார், கேட்டதற்குப் பதில் சொல்ல நேரம் எடுப்பார். வீட்டார் இதை டிமென்ஷியா என்னும் மறதி நோய் என்று முடிவுகட்டிவிடுவதுண்டு. மருத்துவர்கள் கவனிக்கும் ஒரு வேறுபாடு உண்டு. இன்று என்ன கிழமை என்று கேட்டால், மனச்சோர்வில் இருப்பவர் "தெரியலப்பா, விடு" என்பார். அவருக்குத் தேடிப் பார்க்கவே மனமில்லை. டிமென்ஷியா தொடங்கியவரோ தயங்காமல் தப்பான கிழமையைச் சொல்வார், அல்லது பேச்சை வேறு பக்கம் திருப்பிச் சமாளிப்பார். முன்னவர் தன் மறதியைப் பெரிதாகச் சொல்லிப் புலம்புவார். பின்னவருக்குப் பெரும்பாலும் மறதியே உறைப்பதில்லை. மனச்சோர்வுக்குச் சிகிச்சை கொடுத்தால் முன்னவரின் நினைவு பெருமளவு திரும்புவதுண்டு. சிலருக்கு இரண்டும் சேர்ந்தே இருக்கலாம். முதுமையில் முதன்முறையாக வரும் மனச்சோர்வு பின்னால் வரப்போகும் டிமென்ஷியாவின் முதல் அறிகுறியாகவும் இருக்கலாம். அதனால் வீட்டில் முடிவு கட்டக்கூடாது, மருத்துவர் பார்க்க வேண்டும். பி12 குறைவும் தைராய்டு குறைவும் இதே தோற்றத்தைத் தரும் என்பதால் ஓர் இரத்தப் பரிசோதனையும் தேவை. நேற்றுவரை தெளிவாக இருந்தவர் இன்று திடீரென்று உளறினால் அது இரண்டுமே இல்லை. தொற்றோ, சோடியம் குறைவோ, மருந்தின் விளைவோ இருக்கக்கூடும். உடனே மருத்துவமனைக்குப் போக வேண்டியது அது.

சர்க்கரையும் சிறு பக்கவாதமும் ஏன் கணியம்பாடிப் பட்டியலில் வருகின்றன? மூளையின் ஆழத்தில் மயிரிழை போன்ற இரத்தக் குழாய்கள் இருக்கின்றன. ஆண்டுக்கணக்கில் சர்க்கரையும் இரத்த அழுத்தமும் கட்டுப்படாமல் இருந்தால் அவை சிறிது சிறிதாக அடைபடுகின்றன. நெற்றிக்குப் பின்னால் இருக்கும் திட்டமிடும் பகுதிக்கும், உள்ளே இருக்கும் உணர்ச்சிப் பகுதிகளுக்கும் இடையே ஓடும் இணைப்புகள் இதனால் பழுதடைகின்றன. ஸ்கேன் படத்தில் அவை வெள்ளைத் திட்டுகளாகத் தெரியும். 1997-இல் ஜார்ஜ் அலெக்ஸோபூலோஸ் உள்ளிட்ட ஆய்வாளர்கள் இவ்வகையை இரத்தக் குழாய் சார்ந்த மனச்சோர்வு என்று தனியே பிரித்துக் காட்டினார்கள். இதில் அழுகையோ குற்றவுணர்வோ அதிகம் இருக்காது. எதிலும் பிடிப்பற்றுப் போவதும், ஒரு வேலையைத் தொடங்க முடியாமல் உட்கார்ந்திருப்பதும்தான் தெரியும். "சோம்பேறியாயிட்டாரு" என்று வீட்டில் சொல்லப்படுகிற பெரியவர்களில் சிலருக்கு உள்ளே நடந்திருப்பது இதுதான். சர்க்கரை மாத்திரையை ஒழுங்காகப் போடுவது மனத்துக்கும் செய்யும் காவல்.

சரி, முதியவர்களின் மனச்சோர்வுக்குப் பேச்சால் மருத்துவம் செய்ய முடியுமா? முடியாது என்ற எண்ணத்தை மருத்துவ உலகத்தில் விதைத்தவர்களில் பெரியவர் சிக்மண்ட் ஃபிராய்டு. 1904-இல் வியன்னா மருத்துவர்களிடையே பேசியபோது, ஐம்பது வயதை நெருங்கியவர்களிடமும் தாண்டியவர்களிடமும் மனத்தின் நெகிழ்ச்சி போய்விடுகிறது, அவர்களுக்குப் புதிதாகக் கற்பிக்க இயலாது என்ற கருத்தைச் சொன்னார். அப்போது அவருக்கு வயது 48. அதன்பிறகு 83 வயதுவரை வாழ்ந்து, இறுதிவரை புதிய கருத்துகளை எழுதிக்கொண்டிருந்தார். அவருடைய வாழ்வே அவர் கருத்தை மறுத்தாலும், முதியவர்களை மனநல மருத்துவத்தின் வாசலுக்கு வெளியே நிறுத்திய அந்த எண்ணம் பல பத்தாண்டுகள் நீடித்தது.

கதவைத் திறந்தவர் ராபர்ட் பட்லர் என்ற அமெரிக்க மனநல மருத்துவர். முதியவர் பழங்கதை பேசினால் அதை மூளைத் தளர்ச்சியின் அடையாளமாகப் பார்த்த காலம் அது. 1963-இல் எழுதிய கட்டுரையில் பட்லர் அதை நேரெதிராகப் பார்த்தார். வாழ்வின் இறுதிப் பகுதியில் மனம் தன் கடந்த காலத்தை எடுத்துப் பார்க்கிறது; தீராத சண்டையை, சொல்லாத மன்னிப்பை, கைவிட்ட கனவைத் திரும்ப வாசிக்கிறது; அவற்றை ஒரு வாழ்க்கையாகக் கோத்துக்கொள்ள முயல்கிறது; அது மனம் செய்தாக வேண்டிய வேலை என்றார். அவரே 1969-இல் வயதைக் காரணம் காட்டி ஒதுக்கும் போக்குக்கு, நிறவெறி போன்றது இது என்று உணர்த்தும்படி ஆங்கிலத்தில் ஒரு பெயரும் வைத்தார். 1970-களில் அமெரிக்க அரசு முதுமைக்கென்று தேசிய ஆய்வு நிறுவனம் நடத்தத் தொடங்கியபோது அதன் முதல் இயக்குநரானார். வாழ்க்கையைத் திரும்பிப் பார்க்க வழிநடத்துவது இன்று ஒரு முறையான சிகிச்சை; முதியவர்களின் மனச்சோர்வை அது குறைக்கிறது என்று பல ஆய்வுகள் காட்டியிருக்கின்றன. "எங்க காலத்துல..." என்று தாத்தா தொடங்கும்போது "இதை நூறு தடவை சொல்லிட்டீங்க" என்று எழுந்து போகாமல், "அப்புறம் அந்த அண்ணன்கிட்ட நீங்க பேசினீங்களா, தாத்தா?" என்று ஒரு கேள்வி கேட்டுப் பாருங்கள். நூறு தடவை சொன்னதில் சொல்லாத ஒன்று அப்போது வரும்.

எனக்கு மிகவும் நம்பிக்கை தருவது கோவாவில் நடந்த வேலை. 1996-இல் அங்கே தொடங்கப்பட்ட சங்காத் என்ற அமைப்பு, மனநல மருத்துவர் எண்ணிக்கை போதாத நாட்டில் சாதாரண மக்களையே பயிற்றுவித்து மனநலப் பணிக்குக் கொண்டுவர முடியுமா என்று தொடர்ந்து சோதித்து வருவது. விக்ரம் படேல் அதன் நிறுவனர்களில் ஒருவர். 60 வயதைத் தாண்டிய 181 பேரை எடுத்துக்கொண்டு அங்கே ஒரு சோதனை நடந்தது. இவர்களுக்கு மனச்சோர்வு நோய் இன்னும் வரவில்லை. லேசான அறிகுறிகள் மட்டும் இருந்தன. ஒரு பாதியினருக்கு வழக்கமான மருத்துவம். மறுபாதியினரோடு, மருத்துவரும் அல்லாத உளவியலாளரும் அல்லாத, பயிற்சி பெற்ற சாதாரண மனிதர்கள் உட்கார்ந்து பேசினார்கள். ஓராண்டில், வழக்கமான மருத்துவம் பெற்ற 90 பேரில் 13 பேருக்கு மனச்சோர்வு நோய் வந்தது. பேச்சுத் துணை பெற்ற 91 பேரில் 4 பேருக்குத்தான் வந்தது. 2019-இல் இது வெளியானது. 181 பேர் என்பது சிறிய எண்ணிக்கைதான். இதைப் பெரிய அளவில் செய்து பார்க்க வேண்டும். ஆனாலும் வராமலே தடுக்க முடியும் என்று காட்டியது சிறிய செய்தி அல்ல.

அவர்கள் என்ன பேசினார்கள்? ஆறுதல் மட்டும் சொல்லவில்லை. முதலாவது, ஒரு சிக்கலைத் தீர்க்கக் கற்றுக்கொடுத்தார்கள். நம் ஊரிலேயே ஒரு பாட்டியை எடுத்துக்கொள்வோம். "எல்லாமே போச்சு, நான் எதுக்கு இருக்கேன்" என்கிறார். எல்லாம் என்றால் என்னென்ன என்று ஒவ்வொன்றாகக் கேட்டால், ரேஷன் கடையில் இரண்டு மாதமாக ரேகை விழவில்லை, அரிசி வாங்க முடியவில்லை, மருமகளிடம் கேட்கக் கூச்சம், அதனால் ஒருவேளைச் சாப்பாட்டைக் குறைத்துக்கொண்டார் என்று வருகிறது. அந்த ஒன்றை மட்டும் எடுக்க வேண்டும். என்னென்ன வழி இருக்கிறது என்று பாட்டியையே சொல்லவைக்க வேண்டும்: கடைக்காரரிடம் கண் கருவிழிப் பதிவு இருக்கிறதா என்று கேட்கலாம், ஆதார் மையத்துக்குப் போய் ரேகையைப் புதுப்பிக்கலாம், கார்டில் பெயர் உள்ள பேரனை அனுப்பலாம். எதை முதலில் செய்வது, என்றைக்கு, யார் துணைக்கு வருவது என்று முடிவெடுக்க வேண்டும். அடுத்த வாரம் உட்கார்ந்து என்ன ஆயிற்று என்று பார்க்க வேண்டும். அரிசி கிடைத்தது ஒரு பலன். தன்னால் ஒன்றைச் செய்ய முடிந்தது என்பது அதைவிடப் பெரிய பலன். திட்டமிடும் திறன் தளர்ந்த மூளைக்கு இந்த முறை மிகவும் பொருந்துகிறது. ஆறுதல் பேச்சைவிடக் கூடுதலாக உதவுகிறது என்று அமெரிக்காவில் அலெக்ஸோபூலோஸ், பாட்ரீஷியா அரேயான் குழுவினர் கண்டிருக்கிறார்கள். மூளை தானே செய்துகொள்ளத் திணறும் வேலையை, இரண்டு பேராக உட்கார்ந்து தாளில் செய்துவிடுகிறார்கள்.

இரண்டாவது, தூக்கம். இதற்குக் கோவாவில் சொல்லிக்கொடுத்தது முதலில் கேட்கும்போது தலைகீழாகத் தோன்றும். தூக்கம் வராதவர் படுக்கையில் கிடக்கும் நேரத்தைக் குறைக்க வேண்டும். விழித்திருக்கும் ஒவ்வொரு மணி நேரமும் மூளையில் தூக்கத்துக்கான தேவை சேர்ந்துகொண்டே போகிறது. மதியம் இரண்டு மணி நேரம் படுத்து, இரவு எட்டு மணிக்கே கட்டிலுக்குப் போகும் பெரியவரிடம் அந்தத் தேவை போதுமான அளவு சேர்ந்திருக்காது. நாள் முழுக்கக் கொறித்துக்கொண்டிருந்தவருக்கு இரவுச் சாப்பாட்டில் பசி இல்லாதது போலத்தான். மூன்று மணிக்கு விழிப்பு வரும். விடியும்வரை இருட்டில் புரண்டபடி, இறந்தவர்களையும் செய்த தவறுகளையும் எண்ணிக்கொண்டிருப்பார். ஆகவே எந்த இரவு எப்படிப் போனாலும் காலையில் ஒரே நேரத்தில் எழ வேண்டும். தூக்கம் கண்ணைச் சொருகும்வரை படுக்கக் கூடாது. படுத்தும் வரவில்லையென்றால் எழுந்து வந்து உட்கார வேண்டும். இரண்டு மூன்று வாரங்களில் பலருக்குத் தூக்கம் இறுகுகிறது. காலை வெயிலும் வேண்டும். முதுமையில் கண்ணின் வில்லை மஞ்சளாகிவிடுவதால் உடல் கடிகாரத்தைத் திருத்தும் நீல ஒளி உள்ளே குறைவாகவே போகிறது. அறைக்குள்ளேயே இருப்பவருக்கு அதுவும் கிடைப்பதில்லை. தூக்க மாத்திரையைப் பெட்டிக்கடை மிட்டாய் போல வாங்கிக் கொடுப்பதை நாம் நிறுத்த வேண்டும். முதியவர்களை அது தடுமாறி விழவைக்கிறது, குழப்புகிறது, இடுப்பெலும்பு முறிவில் கொண்டுபோய் விடுகிறது.

இவற்றோடு, சர்க்கரை போன்ற நோய்களைப் பார்த்துக்கொள்ளச் சொல்லிக்கொடுத்தார்கள். அரசு உதவிகளைப் பெறத் துணைநின்றார்கள். கணியம்பாடியில் நோயோடு சேர்ந்து வந்தவை எவை என்று நினைத்துப் பாருங்கள்: பசி, வறுமை, சர்க்கரை, பேச ஆளின்மை. கோவாவில் ஏறக்குறைய அத்தனையையும் ஒருசேரத் தொட்டிருக்கிறார்கள்.

ஜிம்பாப்வேயில் இதன் இன்னொரு பக்கம் தெரிந்தது. மனநல மருத்துவர் டிக்சன் சிபாண்டா 2006-இல் ஹராரே நகரின் ம்பாரே பகுதியில் 14 பாட்டிமாரைப் பயிற்றுவித்து, சுகாதார நிலையத்துக்கு வெளியே மர பெஞ்சில் உட்காரவைத்தார். மனம் நொந்து வருபவர்களோடு அவர்கள் பேசினார்கள். 573 பேரிடம் நடந்த சோதனையின் முடிவு 2016-இல் வெளியானது. ஆறு மாதத்துக்குப் பிறகு, வழக்கமான கவனிப்பு பெற்றவர்களில் நூற்றுக்கு 50 பேருக்கு மனச்சோர்வு அறிகுறிகள் இருந்தன. பாட்டிமாரிடம் பேசியவர்களில் 14 பேருக்குத்தான். நம் வீடுகளில் "யாருக்கும் பாரமா இருக்கக் கூடாது" என்று கும்பிட்டுக்கொள்ளும் வயதில், அங்கே அவர்கள் ஊரின் பாரத்தை இறக்கிவைக்கிறார்கள். பெரியவர்களிடம் கேட்டு வாங்க வேண்டியது நிறைய இருக்கிறது என்பதை நாம் மறந்துவிட்டோம். ஒரு பேத்தி ஊறுகாய் போடக் கற்றுக்கொள்ள உட்கார்ந்தால், அதில் பேத்திக்கு மட்டும் நன்மை இல்லை.

பேச்சு போதாத நிலையும் உண்டு. சாப்பாட்டை நிறுத்திவிட்டவர், எழுந்திருக்கவே மறுப்பவர், "நான் போய்ச் சேர்ந்தா தேவலை" என்று மீண்டும் மீண்டும் சொல்பவர் மனநல மருத்துவரைப் பார்த்தே ஆக வேண்டும். மனச்சோர்வு மருந்துகள் முதியவர்களுக்கும் வேலை செய்கின்றன. குறைந்த அளவில் தொடங்குவார்கள், பலன் தெரிய நான்கு முதல் ஆறு வாரம், சிலருக்கு அதற்கு மேலும் ஆகும். இரத்தத்தில் சோடியம் குறையக்கூடும் என்பதால் கண்காணிப்பார்கள். சாவைப் பற்றி நினைக்கிறீர்களா என்று நேராகக் கேட்டால் அந்த எண்ணத்தை நாமே விதைத்துவிடுவோம் என்று பலர் அஞ்சுகிறார்கள். அது அப்படியல்ல. கேட்பதால் எண்ணம் பிறப்பதில்லை; கேட்கும்போது பலருக்கு மூச்சு விட முடிகிறது. ஒவ்வொரு துக்கமும் நோயல்ல என்பதையும் சொல்லியாக வேண்டும். கணவரை இழந்தவர் அழுவார்; அழட்டும். நினைவுகளைச் சொல்லும்போது இடையிடையே சிரிக்கவும் செய்வார், பேரன் வந்தால் முகம் மலர்வார். வாரங்கள் போயும் எதுவும் அவரைத் தொடவில்லை, தன்னைத்தானே பயனற்றவர் என்று சொல்லிக்கொள்கிறார் என்றால் அது துக்கத்தைத் தாண்டிவிட்டது.

தமிழ்நாட்டில் இதற்கு ஒரு வழி ஏற்கெனவே வாசல்வரை வந்து நிற்கிறது. 2021 ஆகஸ்ட் 5-ஆம் தேதி கிருஷ்ணகிரி மாவட்டம் சாமனப்பள்ளியில் தொடங்கிய 'மக்களைத் தேடி மருத்துவம்' திட்டத்தில், பெண் சுகாதாரத் தன்னார்வலர்கள் வீடு வீடாகச் சென்று சர்க்கரைக்கும் இரத்த அழுத்தத்துக்கும் மாத்திரை கொடுக்கிறார்கள். அதே தெருவிலோ பக்கத்துத் தெருவிலோ இருப்பவர்கள், பெரியவர்களுக்குப் பழகிய முகங்கள். கடந்த இரண்டு வாரமாக மனசு வாட்டமாக இருக்கிறதா, எதிலும் ஆர்வம் இல்லாமல் போய்விட்டதா என்ற இரண்டே கேள்விகள் மனச்சோர்வைச் சந்தேகிக்கப் போதும் என்பது ஆய்வுகளில் நிறுவப்பட்டது. இரத்த அழுத்தம் பார்க்கும்போது அந்த இரண்டு கேள்வியையும் கேட்கவும், ஆம் என்றால் கோவாவில் செய்தது போல வாரம் ஒருமுறை உட்கார்ந்து பேசவும் இவர்களுக்குப் பயிற்சியும் நேரமும் அதற்குரிய ஊதியமும் அரசு தர வேண்டும். இருக்கும் வேலையோடு இன்னொரு வேலையாக இதைச் சும்மா ஏற்றிவிடக் கூடாது.

அதுவரை காத்திருக்கத் தேவையில்லாதவை இரண்டு எண்கள். மனநல உதவிக்கு டெலி மானஸ் 14416. முதியோர்களின் எந்தச் சிக்கலுக்கும் எல்டர்லைன் 14567. இரண்டுக்கும் கட்டணம் இல்லை, தமிழிலேயே பேசலாம். உங்கள் வீட்டுப் பெரியவரின் செல்போனில் இவற்றைப் பதிவுசெய்து கொடுங்கள். கொடுக்கும்போது பக்கத்தில் கொஞ்ச நேரம் உட்காருங்கள்.